பிரிந்த பெற்றோரும் பிள்ளைக்குத் தந்த வாக்கும்



திருமணம் மனிதரால் முறிக்க முடியாத அருளடையாளம் என்பது நமது விசுவாசம். ஆயினும் காசிமேடு, ராயபுரம், திருவொற்றியூர், எண்ணூர் எனப் பரந்து கிடக்கும் நம் வடசென்னைப் பங்குகளில் நீதிமன்றத்தின் வழியாகப் பிரிந்து வாழும் பெற்றோர் இருக்கிறார்கள். இரு வீடுகளுக்கும் இடையே போய்வரும் பிள்ளைகளும் இருக்கிறார்கள். விவாகரத்து சரியா, தவறா என்பது இக்கட்டுரையின் பொருள் அல்ல. அது நடந்து முடிந்தபின் பிள்ளைகள் குறித்துச் செய்துகொண்ட உடன்பாடு ஏன் மீறப்படுகிறது, மீறப்பட்டால் என்ன வழி என்பதை மட்டும் இங்கே காண்போம்.

நாம் அடிக்கடி கேள்விப்படும் கதை இது. மாதம் இரண்டு ஞாயிறு தகப்பன் பிள்ளையைப் பார்க்கலாம் என்று தீர்ப்பு சொல்கிறது. முதல் ஞாயிறு பிள்ளைக்குக் காய்ச்சல் என்கிறார்கள். அடுத்த முறை பிள்ளை பாட்டி வீட்டுக்குப் போயிருக்கிறது. மூன்றாம் முறை கதவு பூட்டிக் கிடக்கிறது. வேறொரு வீட்டில் கதை தலைகீழாக நடக்கிறது. கோடை விடுமுறைக்கு அழைத்துச் சென்ற தகப்பன், பள்ளி திறந்த பின்னும் பிள்ளையைத் தாயிடம் திருப்பி அனுப்புவதில்லை. இரண்டும் ஒரே குற்றம்தான். நீதிமன்ற உடன்பாடு என்பது தாய்க்கும் தகப்பனுக்கும் பிரித்துக் கொடுத்த சொத்து அல்ல, பிள்ளைக்குத் தரப்பட்ட வாக்கு. அதை மீறுகிறவர் எதிராளியைத் தண்டிப்பதாக நினைத்துக்கொண்டு பிள்ளையைத் தண்டிக்கிறார்.

உடன்பாடு எப்போது செல்லும்?

நம் குப்பங்களில் குடும்பச் சண்டை முதலில் ஊர்ப் பெரியவர்களிடம் வரும். அடுத்து மகளிர் காவல் நிலையத்திற்குப் போகும். 'பிள்ளை அம்மாகிட்ட இருக்கட்டும், அப்பா வாரா வாரம் வந்து பார்த்துட்டுப் போகட்டும்' என்று ஒரு தாளில் எழுதி இருவரிடமும் கையெழுத்து வாங்குவார்கள். சில வீடுகளில் முத்திரைத்தாளில் எழுதி நோட்டரியிடம் முத்திரையும் பெறுவார்கள். நல்ல எண்ணத்துடன்தான் இது நடக்கிறது. ஆனால் இந்தத் தாளை வைத்துக்கொண்டு நீதிமன்றத்தில் நிறைவேற்று மனு போட முடியாது. இப்படி ஒரு பேச்சு நடந்தது என்பதற்குச் சான்றாக மட்டுமே அது உதவும். பிள்ளை யாரிடம் வளர வேண்டும் என்று முடிவு செய்யும் அதிகாரம் காவல் நிலையத்திற்கும் இல்லை, ஊர்ப் பஞ்சாயத்துக்கும் இல்லை, பங்குத்தந்தையின் அலுவலகத்திற்கும் இல்லை.

அதே உடன்பாட்டை நீதிமன்றத்தில் தாக்கல் செய்து, நீதிபதி அதைப் பதிவு செய்து தீர்ப்பின் பகுதியாக்கினால்தான் அதற்குப் பலம் வரும். 1984-ஆம் ஆண்டின் குடும்ப நீதிமன்றச் சட்டம், முடிந்தவரை இருதரப்பையும் சமரசத்திற்குக் கொண்டுவர முயல வேண்டும் என்று நீதிமன்றத்திற்கே கடமை விதித்திருக்கிறது. அதற்கென ஆலோசகர்களும் உண்டு. விசாரணை பொதுமக்கள் முன்னிலையில் வேண்டாம் என்று ஒருவர் கேட்டுக்கொண்டாலும் மூடிய அறையில் நடக்கும். சென்னையின் குடும்ப நீதிமன்றம் பாரிமுனையில் உயர் நீதிமன்ற வளாகத்திலேயே இருக்கிறது. ஊர்ப் பெரியவர்கள் முன் பேசி முடித்த நல்ல உடன்பாட்டையும் அங்கே கொண்டுபோய்ப் பதிவு செய்வதே அறிவுடைமை.

எந்தச் சட்டம் பொருந்தும்?

கணவன் மனைவி இருவரில் ஒருவர் கிறிஸ்தவராக இருந்தாலும் 1869-ஆம் ஆண்டின் விவாகரத்துச் சட்டத்தின்கீழ் வழக்குத் தொடரலாம். அதன் 41 முதல் 44 வரையிலான பிரிவுகள் பிள்ளைகளின் பொறுப்பு, பராமரிப்பு, கல்வி பற்றியவை. 2001-இல் வந்த திருத்தங்கள் முக்கியமானவை. பரஸ்பர சம்மதத்தின் பேரில் பிரியும் வழி 10ஏ பிரிவாக அப்போதுதான் சேர்ந்தது. வழக்கு நடக்கும் காலத்தில் பிள்ளைகளின் பராமரிப்புக்கும் படிப்புக்கும் போடும் மனுவை, எதிர்தரப்புக்கு நோட்டீஸ் சேர்ந்த 60 நாட்களுக்குள் கூடியவரை முடிக்க வேண்டும் என்பதும் அப்போது வந்த விதிதான்.

இதனுடன் எல்லா மதத்தினருக்கும் பொதுவாக 1890-ஆம் ஆண்டின் காப்பாளர் சட்டம் இருக்கிறது. கார்டியன்ஸ் அண்ட் வார்ட்ஸ் ஆக்ட் என்று வழக்கறிஞர்கள் குறிப்பிடுவது இதைத்தான். பிள்ளை வழக்கமாக எங்கே வசிக்கிறதோ அந்த எல்லைக்குரிய நீதிமன்றத்தில் மனு போட வேண்டும். பிள்ளை சுயமாக யோசித்துச் சொல்லும் வயதில் இருந்தால் அதன் விருப்பத்தையும் நீதிபதி கேட்கலாம்.

சென்னையிலிருந்து சென்ற ஒரு வழக்கு

பிள்ளைப் பொறுப்பு பற்றி இந்திய நீதிமன்றங்கள் இன்றும் எடுத்துக்காட்டும் ஒரு தீர்ப்பு, நம் சென்னையில் தொடங்கிய ஒரு கிறிஸ்தவக் குடும்பத்தின் வழக்கில் பிறந்தது. ரோசி ஜேக்கப் வழக்கு என்று அதைச் சொல்வார்கள். மனைவி 1962-இல் சென்னை உயர் நீதிமன்றத்தில் வழக்குத் தொடர்ந்தார். 1964-இல் கணவன் மனைவி பிரிந்து வாழ நீதிமன்றம் அனுமதித்தது. மூன்று பிள்ளைகள் யாரிடம் வளர்வது என்ற கேள்வி மட்டும் அதோடு தீரவில்லை. மனுவுக்கு மேல் மனு, மேல்முறையீட்டுக்கு மேல் மேல்முறையீடு என்று வழக்கு வளர்ந்து, 1973-இல்தான் உச்ச நீதிமன்றம் முடிவு சொன்னது. மொத்தம் 11 ஆண்டுகள். ஒன்றாம் வகுப்பில் சேர்ந்த பிள்ளை பதினோராம் வகுப்பை முடித்துவிடும் காலம் இது.

அந்தத் தீர்ப்பு இரண்டு செய்திகளைத் தெளிவாக்கியது. முதலாவது, பிள்ளைகள் பெற்றோரின் உடைமைப் பொருளும் அல்ல, விளையாட்டுப் பொம்மையும் அல்ல. தகப்பனின் உரிமையோ தாயின் உரிமையோ அல்ல, பிள்ளையின் நலனே அளவுகோல். இரண்டாவது, பிள்ளைப் பொறுப்பு பற்றிய உத்தரவு எதுவும் அதன் இயல்பிலேயே தற்காலிகமானது. சூழ்நிலை மாறினால் நீதிமன்றம் அதை மாற்றலாம். இருவரும் சம்மதித்துப் பெற்ற உத்தரவுக்கும் இது பொருந்தும். 2010-இல் விக்ரம் வீர் வோரா வழக்கிலும் உச்ச நீதிமன்றம் இதையே உறுதி செய்தது.

இந்த இரண்டாவது செய்தியைப் பலர் தவறாகப் புரிந்துகொள்கிறார்கள். உத்தரவை மாற்றலாம் என்றால் நீதிமன்றம் மாற்றலாம் என்று பொருள். 'பிள்ளை பெரிதாகிவிட்டது, இனி அந்த உத்தரவு தேவையில்லை' என்று தாயோ தகப்பனோ தாமே தீர்மானிக்க முடியாது. மாற்ற வேண்டுமானால் மனு போட வேண்டும். மாற்றும் உத்தரவு வரும்வரை பழையது செல்லும்.

கடலுக்குப் போகிறவர் வீட்டு உடன்பாடு

உடன்பாடு மீறப்படுவதற்கு எப்போதும் வன்மம்தான் காரணம் என்று சொல்ல முடியாது. நடைமுறைக்கு ஒவ்வாதபடி எழுதப்பட்ட உடன்பாடுகளும் உண்டு. 'ஒவ்வொரு ஞாயிறும் காலை 10 மணி' என்பது அலுவலகத்தில் வேலை பார்ப்பவருக்குப் பொருந்தும். காசிமேட்டில் ஞாயிறு காலைதான் மீன் வாங்கக் கூட்டம் அலைமோதும் நேரம். ஏலம் எடுத்துக் கூடையில் விற்கும் தாய்க்கு அன்றைய வியாபாரம் வாரம் முழுவதற்கும் சோறு போடும். தங்குகடல் போகும் விசைப்படகுத் தொழிலாளி எந்த நாளில் கரை சேர்வார் என்பதை அவரே உறுதியாகச் சொல்ல முடியாது. இப்படிப்பட்ட இருவருக்கு ஞாயிறு காலையைக் குறித்துக் கொடுத்தால், இரண்டாம் மாதமே அவர் வரவில்லை, இவர் அனுப்பவில்லை என்று சண்டை வரும்.

ஆகவே எழுதும்போதே தொழிலை மனதில் வைத்து எழுதச் சொல்லி வழக்கறிஞரிடம் கேட்க வேண்டும். நம் கடற்கரைக்கு இயற்கையாகவே ஒரு வசதி இருக்கிறது. கிழக்குக் கடற்கரையில் விசைப்படகுகளுக்கு ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை 61 நாள் தடைக்காலம். பள்ளிக் கோடை விடுமுறையின் பெரும்பகுதி அதற்குள் அடங்கிவிடுகிறது. ஆண்டு முழுவதும் ஞாயிறுகளைத் தவறவிடும் தகப்பன், மே மாதத்தில் தொடர்ந்து சில வாரங்கள் பிள்ளையுடன் இருக்க முடியும். இதை உடன்பாட்டிலேயே எழுதிவிடலாம்.

எழுத வேண்டிய மற்றவை:

1. நாள், நேரம், இடம். 'வசதிப்படி பார்க்கலாம்' என்ற சொல் வேண்டாம். வசதி என்பது யாருடையது என்பதில்தான் முதல் சண்டை தொடங்கும்.

2. பிள்ளையை யார் கொண்டுவந்து விடுவது, யார் திருப்பி அழைத்து வருவது. பெற்றோர் நேரில் சந்திக்க முடியாத நிலை என்றால் இருவரும் நம்பும் மூன்றாவது ஆள் யார்.

3. கடலில் இருந்ததாலோ பிள்ளைக்கு உடல்நலம் இல்லாததாலோ ஒரு சந்திப்பு தவறினால் அதற்கு ஈடான நாள் எது, எத்தனை நாட்களுக்குள் முன்கூட்டித் தெரிவிக்க வேண்டும்.

4. கிறிஸ்து பிறப்பு, உயிர்ப்புத் திருவிழா, பங்குத் திருவிழா, பிள்ளையின் பிறந்தநாள் ஆகியவற்றை ஆண்டு மாற்றி ஆண்டு எப்படிப் பகிர்ந்துகொள்வது.

5. தொலைபேசி, காணொலி அழைப்புக்கான நேரம். யஷிதா சாகு வழக்கில் 2020-இல் உச்ச நீதிமன்றம், பெற்றோர் இருவரின் அன்பும் துணையும் பிள்ளையின் அடிப்படை மனித உரிமை என்று சொன்னது. நேரில் பார்க்க முடியாதபோது காணொலியில் பேசும் வாய்ப்பாவது தரப்பட வேண்டும் என்றும் கூறியது.

6. பள்ளியின் மதிப்பெண் அட்டை, மருத்துவச் சீட்டு ஆகியவற்றைப் பார்க்கும் உரிமை. பாஸ்போர்ட் யாரிடம் இருக்கும், வெளிநாடு அழைத்துச் செல்ல யாருடைய சம்மதம் வேண்டும். பிள்ளைகளை நாடு கடத்திச் செல்வது பற்றிய 1980-ஆம் ஆண்டின் ஹேக் உடன்படிக்கையில் இந்தியா சேரவில்லை. பிள்ளை வெளிநாட்டிற்குப் போய்விட்டால் திரும்ப அழைத்து வருவது பெரும்பாடு. வளைகுடா நாடுகளுக்கு வேலைக்குப் போகும் குடும்பங்கள் இதைக் கட்டாயம் கவனிக்க வேண்டும்.

மீறப்பட்டால் என்ன செய்வது?

கடன் கட்டாதவரின் பொருளை ஜப்தி செய்யலாம். பிள்ளையை ஜப்தி செய்ய முடியாது. போலீசாரை வைத்து அழுகிற பிள்ளையை இழுத்து வருவது உத்தரவை நிறைவேற்றியதாகக் கணக்கில் வரலாம், பிள்ளையின் மனதில் அது ஆறாத புண்ணாகும். நீதிபதிகள் தயங்குவதும் இதனால்தான். எனவே சட்டம் படிப்படியாகச் செல்கிறது.

முதல் படி, பதிவு. எந்தத் தேதியில் போனோம், என்ன பதில் கிடைத்தது என்பதை ஒரு நோட்டில் எழுதி வையுங்கள். வந்த குறுஞ்செய்திகளை அழிக்காதீர்கள். வாசலில் நின்று கூச்சல் போடுவது உங்களுக்கு எதிரான சாட்சியமாகவே முடியும்.

இரண்டாவது, வழக்கறிஞர் வழியாக நோட்டீஸ். பல மீறல்கள் இங்கேயே நின்றுவிடும். தவறிய நாட்களுக்கு ஈடு நாட்களையும் இதில் கேட்கலாம்.

மூன்றாவது, நிறைவேற்று மனு. குடும்ப நீதிமன்றச் சட்டத்தின் 18-ஆம் பிரிவின்படி அந்நீதிமன்றத்தின் உத்தரவை மற்ற உரிமையியல் தீர்ப்புகளைப் போலவே நிறைவேற்றலாம். உத்தரவை வேண்டுமென்றே மீறுபவரின் சொத்தை முடக்கவும், அவரைச் சிவில் சிறையில் வைக்கவும் உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 21-ஆம் கட்டளை 32-ஆம் விதி இடம் தருகிறது. வீட்டில் சந்திப்பது சண்டையில் முடிகிறது என்றால் நீதிமன்ற வளாகத்துச் சந்திப்பு மையம் போன்ற பொது இடத்தில் சந்திக்க உத்தரவு கேட்கலாம்.

நான்காவது, 1890-ஆம் ஆண்டுச் சட்டத்தின் 25-ஆம் பிரிவு. பொறுப்புக்குரியவரிடமிருந்து பிள்ளை அகற்றப்பட்டிருந்தால் திருப்பி ஒப்படைக்க நீதிமன்றம் ஆணையிடும். அந்த ஆணைக்குப் பணியாதவருக்கு 45-ஆம் பிரிவு 100 ரூபாய் வரை அபராதமும், தொடர்ந்து மறுத்தால் நாளொன்றுக்கு 10 ரூபாய் வீதம் மொத்தம் 500 ரூபாய்க்குள் கூடுதல் அபராதமும் விதிக்கிறது. வெள்ளையர் காலத்துத் தொகை இது. இன்று ஒரு கூடை மீனுக்கும் காணாது. ஆனால் அதே பிரிவில், பிள்ளையை ஒப்படைக்க உறுதி தரும்வரை சிவில் சிறையில் வைக்கவும் வழி இருக்கிறது. அதற்குத்தான் பயப்பட வேண்டும்.

ஐந்தாவது, நீதிமன்ற அவமதிப்பு. நீதிமன்றத்தில் கொடுத்த உறுதிமொழியை வேண்டுமென்றே மீறுவதும் 1971-ஆம் ஆண்டின் சட்டப்படி அவமதிப்புதான். 6 மாதம் வரை சிறையோ, 2,000 ரூபாய் வரை அபராதமோ, இரண்டுமோ விதிக்கலாம். மீறல் நடந்த ஓராண்டுக்குள் இதைத் தொடங்க வேண்டும் என்பதை மறக்கக் கூடாது.

ஆறாவது, பிள்ளையை ஒளித்து வைத்துவிட்டால் உயர் நீதிமன்றத்தில் ஆட்கொணர்வு மனு. சட்டப்படி உரிமையில்லாதவர் பிள்ளையை வைத்திருக்கும்போது இம்மனு செல்லும் என்று 2019-இல் தேஜஸ்வினி கவுட் வழக்கில் உச்ச நீதிமன்றம் தெளிவுபடுத்தியது.

இத்தனைக்கும் பணம் எங்கே என்று கேட்கலாம். 1987-ஆம் ஆண்டின் சட்டப் பணிகள் ஆணைக்குழுச் சட்டத்தின்படி, பெண்களுக்கும் சிறுவர்களுக்கும் வருமானம் பாராமல் இலவசச் சட்ட உதவி உண்டு. வருமான வரம்புக்குள் வரும் ஆண்களுக்கும் உண்டு. 15100 என்ற எண்ணில் அழைத்துக் கேட்கலாம்.

பணமும் பிள்ளையும் வேறு வேறு

'பராமரிப்புப் பணம் தரவில்லை, அதனால் பிள்ளையைக் காட்டமாட்டேன்.' 'பிள்ளையைக் காட்டவில்லை, அதனால் பணம் தரமாட்டேன்.' இந்த இரண்டு வாக்கியங்களையும் நாம் மாறி மாறிக் கேட்கிறோம். பணம் வராவிட்டால் அதற்கென்று நிறைவேற்று மனு உண்டு. பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 144-ஆம் பிரிவின்கீழ் பராமரிப்பு கேட்கவும் வழி உண்டு. முன்பு 125-ஆம் பிரிவு என்று நாம் சொல்லிவந்தது இதுவே. பிள்ளையைக் காட்டாவிட்டால் அதற்கு வேறு மனு. ஒன்றுக்குப் பழியாக மற்றதை நிறுத்தினால் இருவருமே உத்தரவை மீறியவர் ஆகிறார்கள். பணமும் இல்லாமல், பெற்ற ஒருவரின் முகமும் இல்லாமல் போவது பிள்ளைக்குத்தான்.

பயம் உண்மையாக இருந்தால்

இதுவரை சொன்னதை வைத்து, அடிக்கும் தகப்பனிடமோ குடிபோதையில் வரும் ஒருவரிடமோ பிள்ளையைக் கண்ணை மூடிக்கொண்டு அனுப்புங்கள் என்று நாம் சொல்வதாக யாரும் எண்ண வேண்டாம். பிள்ளைக்கு ஆபத்து உண்மையாகவே இருந்தால் உடனே 1098 என்ற சிறுவர் உதவி எண்ணை அழைக்க வேண்டும். உத்தரவை மாற்றும்படியோ மூன்றாவது ஆள் முன்னிலையில் மட்டும் சந்திப்பு நடக்கும்படியோ நீதிமன்றத்தைத் தாமதமின்றிக் கேட்க வேண்டும். வீட்டு வன்முறைக்கு ஆளான பெண் 2005-ஆம் ஆண்டுச் சட்டத்தின் 21-ஆம் பிரிவின்கீழ் பிள்ளைகளின் தற்காலிகப் பொறுப்பைப் பெறலாம். ஆபத்தை நீதிபதியிடம் சொல்லாமல் கதவை மட்டும் பூட்டிக்கொண்டால், நியாயம் உள்ளவரே சட்டத்தை மீறியவராக நிற்க நேரிடும்.

திருச்சபை என்ன சொல்கிறது?

நம் மக்களிடம் சில குழப்பங்கள் உண்டு. மறைமாவட்டத் திருமணத் தீர்ப்பாயம் ஒரு திருமணம் செல்லாது என்று அறிவித்தால் பிள்ளைகள் முறையற்றவர்கள் ஆகிவிடுவார்களோ என்று சிலர் அஞ்சுகிறார்கள். அப்படி ஆவதில்லை, திருச்சபைச் சட்டம் எண் 1137 இதைத் தெளிவாக்குகிறது. அத்தீர்ப்பாயமே பிள்ளை யாரிடம் இருப்பது என்று தீர்த்துவிடும் என்று வேறு சிலர் நினைக்கிறார்கள். அதுவும் இல்லை. திருச்சபைத் தீர்ப்பாயத்தின் முடிவுக்கு நாட்டுச் சட்டத்தில் விவாகரத்தின் பலன் கிடையாது என்று உச்ச நீதிமன்றம் 1996-இல் மோலி ஜோசப் வழக்கில் கூறியது. அதை மாற்றக் கேட்ட பொதுநல மனுவையும் 2017-இல் தள்ளுபடி செய்தது. தம்பதியர் பிரியும்போது பிள்ளைகளின் பராமரிப்புக்கும் வளர்ப்புக்கும் எப்போதும் வழி செய்யப்பட வேண்டும் என்று எண் 1154 பெற்றோரின் கடமையைச் சொல்கிறது. அதற்கான உத்தரவை நீதிமன்றத்தில்தான் பெற வேண்டும்.

நீதிமன்றம் போனாலே பாவம், நற்கருணை கிடையாது என்று பயந்து வெறும் தாளோடு நின்றுவிடுகிறவர்களும் உண்டு. பிள்ளைகளின் பராமரிப்பையும் சட்ட உரிமைகளையும் காக்க வேறு வழி இல்லாதபோது நாட்டுச் சட்டப்படியான விவாகரத்தைப் பொறுத்துக்கொள்ளலாம், அது ஒழுக்கக் குற்றம் ஆகாது என்று கத்தோலிக்கத் திருச்சபையின் மறைக்கல்வி நூல் எண் 2383 கூறுகிறது. மறுமணம் செய்யாமல் வாழ்பவருக்கு, விவாகரத்து பெற்றார் என்ற ஒரே காரணத்தால் நற்கருணை மறுக்கப்படுவதில்லை.

மறைந்த திருத்தந்தை பிரான்சிஸ் 2016-இல் வெளியிட்ட 'அன்பின் மகிழ்வு' ஏட்டின் 245-ஆம் எண்ணில் பிரிந்த பெற்றோரிடம் கேட்டுக்கொண்டது ஒன்றே: பிள்ளையைப் பிணைக்கைதியாக்காதீர்கள். தாய் தகப்பனைப் பற்றியும், தகப்பன் தாயைப் பற்றியும் நல்லதைப் பேசக் கேட்டுப் பிள்ளை வளரட்டும் என்றார்.

சாலமோன் அரசரின் தீர்ப்பை நாம் அறிவோம் (1 அரசர்கள் 3:16-28). அங்கே ஒருத்திதான் உண்மையான தாய், அதனால் வாளை எடுத்ததும் உண்மை வெளிப்பட்டது. நம் வீடுகளில் இருவருமே உண்மையான பெற்றோர். ஆகவே இங்கே விட்டுக்கொடுக்க வேண்டியவர்கள் இருவர்.

பங்குச் சமூகம் செய்யக் கூடியவை

மீறல் பெரும்பாலும் தனி ஆளால் நடப்பதில்லை. 'அவன்கிட்ட எதுக்கு அனுப்புற?' என்று கேட்கும் பாட்டி, 'இனி திருப்பி அனுப்பாதே' என்று சொல்லும் சித்தப்பா, பிள்ளை வீட்டில் இல்லை என்று பொய் சொல்லும் அக்கம்பக்கத்தார் எல்லோருக்கும் அதில் பங்கு உண்டு. உறவினர் முதலில் ஒதுங்கி நிற்கட்டும்.

மறைக்கல்வி வகுப்பு முடிந்ததும் பிள்ளையை யாரிடம் ஒப்படைப்பது என்பதை ஆசிரியர்கள் முன்பே கேட்டுத் தெரிந்துகொள்ள வேண்டும். ஆலய வாசலில் பிள்ளையைத் தூக்கிக்கொண்டு போவதற்கு நாம் இடம் தரக் கூடாது. உத்தரவுப்படி பார்க்க வரும் பெற்றோரை விரட்டவும் கூடாது. முதல் நற்கருணை விழாவில் தாய், தகப்பன் இருவருக்கும் இடம் இருக்கட்டும். இருவரும் விரும்பினால் பிள்ளையை ஒப்படைக்கும் பொது இடமாக ஆலய வளாகம் இருக்கலாம். அன்பியக் குடும்பங்களில் நம்பிக்கைக்குரிய ஒருவர் அந்த அரைமணி நேரம் உடன் நிற்கலாம்.

நீதிபதி நாளையும் நேரத்தையும் குறிக்க முடியும். குறித்த நேரத்தில் பிள்ளைக்குத் தலைவாரி, சட்டை மாட்டி, 'போய்ட்டு வா, அப்பா காத்திருப்பாரு' என்று அனுப்ப வேண்டியது தாய்தான். சொன்ன நேரத்திற்கு வந்து, சொன்ன நேரத்திற்குத் திருப்பிக் கொண்டுவந்து விட வேண்டியது தகப்பன்தான். அதற்கான மனத்திடனை இறைவன் நம் குடும்பங்களுக்கு அருள்வாராக.